சாவதற்குச் சம்பளம் வாங்கிய சிஞ்ஞோரா

சிஞ்ஞோரா கட்டிலில் வாயைத் திறந்தபடி செத்துக் கிடந்தார்.

நான் தேநீர்த் தட்டோடு அறை வாசலில் நின்றேன். கீழே பலெர்மோ நகரின் பல்லரோச் சந்தை தொடங்கிவிட்டிருந்தது. மீன்காரன் போடும் கூச்சல் மூன்றாம் மாடி வரை வந்தது. யன்னல் சீலை பாதி விலகியிருக்க, அவருடைய கண்கள் இரண்டும் முகட்டைப் பார்த்தபடி நின்றன. இமை அசையவில்லை.

கூப்பிட்டேன். பதில் இல்லை. மூக்கடியில் விரலை வைத்துப் பார்த்தேன். மூச்சு இல்லை. கன்னத்தைத் தொட்டேன். குளிர்ந்திருந்தது. அவருடைய கன்னம் எந்த நாளும் குளிர்ந்துதான் இருக்கும். அது அந்த நேரத்தில் என் மண்டைக்கு எட்டவில்லை.

இத்தாலியில் இப்படி நடந்தால் முதலில் அவசர எண்ணுக்கு அடிக்க வேண்டும். முதியவர்களைப் பார்க்கும் வேலைக்குப் போகிற எல்லோருக்கும் இது பாடம். எனக்கும் தெரியும். என் கைகளுக்குத்தான் தெரியவில்லை. அவை மன்னாரில் பேசாலையில் பழகிய கைகள். உடம்பு விறைப்பதற்குள் செய்ய வேண்டியதைச் செய்துவிட வேண்டும் என்ற ஒன்றைத்தான் அவை அறிந்திருந்தன.

கண்களை மூடினேன். அலுமாரியிலிருந்து பெரிய வெள்ளை லேஞ்சித் துணியை எடுத்து, நாடியைத் தூக்கி உச்சந்தலையில் முடிச்சுப் போட்டேன். வலது கை உடம்புக்கு அடியில் அகப்பட்டுக் கிடந்தது. அதை இழுத்தெடுத்து, இரண்டு கைகளையும் நெஞ்சில் விரல் கோத்து வைத்து, என் கழுத்தில் கிடந்த செபமாலையைக் கழற்றி இறுக்கிச் சுற்றினேன். கை நடுங்கியது. நடுங்குவது என் கை என்றுதான் நினைத்தேன்.

கடைசியாக, நான் கட்டியிருந்த ஏப்ரனின் நாடாவை அறுத்து, கால் பெருவிரல்கள் இரண்டையும் சேர்த்துக் கட்டினேன். பிறகு தரையில் குந்தி, தலையில் கையை வைத்து, பலெர்மோ முழுவதும் கேட்கட்டும் என்று வாயைத் திறந்தேன்.

"ஐயோ சிஞ்ஞோரா" என்பதற்கு மேல் போக முடியவில்லை. கட்டிய வாய்க்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது.

"காலை ஏன் கட்டினனீ?"

பயப்பட வேண்டாம்

சென்ற வாரம் இந்தத் தொடரில், நான் தரை துடைத்த வீடுகளைப் பற்றி எழுதியிருந்தேன். அவ்வளவு வீடுகளையும் ஒரே மூச்சில் துடைத்து முடித்துவிட்டீர்களே என்று ஒரு வாசகி கேட்டிருந்தார். அதனால் இந்த வாரம் ஒரேயொரு வீடு. சிஞ்ஞோரா ஐவியின் வீடு. சிஞ்ஞோரா என்றால் இத்தாலியனில் அம்மணி. அவர் உயிரோடுதான் இருக்கிறார். இதை எழுதும்போதும் பக்கத்து அறையில் வானொலியோடு சண்டை பிடித்துக்கொண்டிருக்கிறார்.

நாங்கள் இருவரும் கதைப்பது இத்தாலியனில். அவருடைய இத்தாலியனில் இங்கிலாந்து இருக்கும், என்னுடையதில் மன்னார் இருக்கும். இங்கே எழுதும்போது அவரையும் எங்கள் தமிழிலேயே கதைக்க விடுகிறேன். வாசித்துப் பார்த்துக் குறை சொல்ல அவருக்குத் தமிழ் தெரியாது.

ஈ உட்கார்ந்த முகம்

சிஞ்ஞோரா இங்கிலாந்தின் வடக்கே ஒரு கடற்கரைப் பட்டினத்தில் பிறந்தவர். தகப்பன் பஸ் ஓட்டியவர். பள்ளிக்கூடத்தை முடிக்காமலே ஊர் ஊராகப் போகும் ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தார். அங்கே அவருக்குக் கிடைத்தது வேலைக்காரி வேடம். திரை விலகிக் கொஞ்ச நேரத்தில் கொலை செய்யப்பட்டுவிடுவார். அதன் பிறகு காட்சி முடியும் வரை மேடையின் நடுவே பிணமாகக் கிடக்க வேண்டும்.

ஒரு நாள் அந்தப் பிணத்தின் மூக்கில் ஈ வந்து உட்கார்ந்தது. மூக்கிலிருந்து உதட்டுக்கு நடந்தது. உதட்டில் ஆறுதலாக நின்று கையைத் தேய்த்தது. சபையில் இருந்தவர்கள் கதாநாயகனை விட்டுவிட்டு ஈயைப் பார்த்தார்கள். பிணம் அசையவில்லை. சபையில் ஒரு சினிமாக்காரர் இருந்தார். அடுத்த கிழமையே ஆள் அனுப்பினார்.

அப்படித் தொடங்கிய தொழில். கோட்டைகளில் இரத்தம் குடிக்கிற பேய்கள் வரும் படங்கள் அந்த நாட்டில் அப்போது நிறைய எடுத்தார்களாம். பேய்க்கு முதலில் அகப்படுகிறவர் இவர்தான். பிறகு தொலைக்காட்சியில் துப்பறியும் தொடர்கள் வந்தன. கம்பளத்தில் கிடக்கும் சவம், ஆற்றில் மிதக்கும் சவம், வைத்தியர் மேசையில் வெள்ளைத் துணிக்குக் கீழே கிடக்கும் சவம். நஞ்சு குடித்திருக்கிறார், மாடிப்படியால் உருண்டிருக்கிறார், இரண்டு மூன்று புருஷன்மாரிடம் கழுத்து நெரிபட்டிருக்கிறார். முகம் நாட்டுக்கே தெரியும், பெயர் ஒருவருக்கும் தெரியாது. கடைகளில் ஆட்கள் இவரை உற்றுப் பார்த்து, பார்த்த இடம் நினைவுக்கு வராமல் தலையைச் சொறிவார்களாம்.

அவருடைய தாயார் மகளின் படத்துக்கு ஒரேயொரு தடவைதான் போனார். மகளைக் குளத்தில் தள்ளும் காட்சியில் எழுந்து நின்று, அது என்னுடைய பிள்ளை என்று சத்தம் போட்டிருக்கிறார். வெளியே கூட்டிக்கொண்டு போய்த் தண்ணீர் கொடுத்தார்களாம். அதன் பிறகு மகள் சம்பாதித்த காசில் யன்னல் சீலை, நாற்காலி எல்லாம் வாங்கினார், படத்துக்கு மட்டும் போகவில்லை.

பலெர்மோவுக்கு வந்ததும் சாகத்தான். நகரோரத்தில் சியாகுல்லியில் மந்தரின் ஆரஞ்சுத் தோட்டத்துக்கு நடுவே ஒரு பழைய மாளிகை. அங்கே ஒரு வெளிநாட்டுப் பெண்ணாக இவர் மரத்தடியில் இறந்து கிடக்க வேண்டும். இடைவேளையில் எல்லோரும் சாப்பிடப் போய்விட்டார்கள். திரும்ப அதே இடத்தில் அதே மாதிரிப் படுப்பது கஷ்டம் என்று இவர் எழும்பவில்லை. விளக்குப் பிடிக்கும் மனிதர் ஒருவர் வந்து, ஒன்றும் சொல்லாமல் தன் சட்டையைக் கழற்றிப் போர்த்திவிட்டுப் போனார். சல்வத்தோரே என்ற அந்த மனிதரைத்தான் கலியாணம் கட்டினார். நான் இந்த வீட்டுக்கு வருவதற்கு முன்பே அவர் காலமாகிவிட்டார். பிள்ளைகள் இல்லை.

பின்னேரங்களில் நாங்கள் இருவரும் மடிக்கணினியில் அவருடைய பழைய படங்களைப் பார்ப்போம். நான் சோற்றை வடித்துவிட்டு வருவதற்குள் செத்திருப்பார். மிச்சப் படத்தைப் பார்க்க அவருக்கு விருப்பம் இருக்காது. தான் இல்லாத படத்தில் என்ன இருக்கிறது என்பார்.

ஒரு கை சொல் கேட்கவில்லை

சில வருடங்களுக்கு முன் அவருடைய வலது கை நடுங்கத் தொடங்கியது. முதலில் கரண்டி, பிறகு கோப்பை. தேநீரை அரைக் கோப்பைதான் ஊற்றுவேன். அதையும் குறையாகச் சொல்வார். ரோமிலிருந்து எப்போதாவது வரும் அழைப்புகளும் நின்றுபோயின. கை நடுங்கும் சவத்தை யார் வாங்குவார்கள் என்று அவரே ஒரு நாள் சிரித்துக்கொண்டு சொன்னார். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

இப்படி இருக்கையில்தான் லண்டனிலிருந்து கிளேர் என்ற இளம் பெண் வந்து கதவைத் தட்டினாள். படம் இயக்குகிறவள். சின்ன வயதில் சிஞ்ஞோரா சாவதைப் பார்த்துப் பார்த்து வளர்ந்தவளாம். ஸ்ஃபெர்ராகவால்லோ என்ற மீன்பிடி ஊரில் கடலோரத்தில் தனியாக வாழும் ஒரு ஆங்கிலக் கிழவியைப் பற்றி எடுக்கப் போகிறாள். கிழவிதான் முழுப் படமும். மீன் வாங்குவாள், அயலாரோடு சண்டை போடுவாள், கடலில் கால் நனைப்பாள்.

அன்றைக்கு சிஞ்ஞோரா குசினிக்குள் வந்து என்னிடம் சொன்னதை மறக்க முடியாது.

"படம் முழுக்க உயிரோடை இருக்கிறன், எமல்டா. கடைசியிலைதான் சாகிறன்."

அவருக்கு எண்பது தாண்டிவிட்டது. சினிமாவில் அவருக்கு இதுவரை கிடைக்காதது ஆயுள்தான்.

ஆனால் அந்தக் கடைசிக் காட்சிதான் வில்லங்கம். கிழவி இறந்த காலையை, படக்கருவியை அசைக்காமல், வெட்டாமல், நீண்ட நேரம் எடுக்க வேண்டும் என்பது கிளேரின் ஆசை. உயிரோடு இருக்கும்போது கை நடுங்கலாம். செத்த பிறகு நடுங்கலாமா? கணினியில் திருத்துகிற வேலை தனக்குப் பிடிக்காது என்றும், சனிக்கிழமை திரும்ப வந்து பார்ப்பதாகவும் மரியாதையாகச் சொன்னாள். சரிவராவிட்டால் ரோமில் வேறொரு நடிகையைக் கேட்க வேண்டியிருக்கும். ஒரு கிழவியை இரண்டு பேர் நடிக்க முடியாதல்லவா?

அவள் போன பிறகு சிஞ்ஞோரா இரண்டு நாள் கையோடு மல்லுக்கட்டினார். கைக்கு மேல் புத்தகத்தை வைத்துப் பார்த்தார். கையுறை போட்டுப் பார்த்தார். பாவமாக இருந்தது. நான் பார்க்காத மாதிரிக் கோழிக்கறியைக் கிண்டிக்கொண்டிருந்தேன்.

கடைசியில் கையை உடம்புக்கு அடியில் ஒளித்துப் படுத்தால் என்ன என்று ஒரு யோசனை வந்திருக்கிறது. அதைப் பரீட்சை செய்து பார்க்கத்தான் அந்தக் காலை செத்துக் கிடந்தார். எனக்கு முன்கூட்டியே சொல்லவில்லை. சொன்னால் அது என்ன பரீட்சை?

மத்தியானம் வரை

எனக்கு வந்த கோபத்தை எழுத முடியாது. தமிழில் எனக்குத் தெரிந்த அவ்வளவையும் சொல்லித் திட்டினேன். வாய் கட்டிக் கிடந்ததால் அவர் மறுபேச்சுப் பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு குசினிக்குள் போய், ஸ்ஃபெர்ராகவால்லோவில் ஒரு கடலுணவுச் சாப்பாட்டுக்கடையில் சமைக்கும் என் கணவர் சூசைதாசனுக்கு அடித்தேன். அவர் கணவாய் வெட்டுவதை நிறுத்திவிட்டுக் கேட்டார்.

"உமக்கென்ன விசரோ? மூச்சு இருக்கோ எண்டு பாக்காமலே காலைக் கட்டினனீர்?"

பார்த்தேன், இருக்கவில்லை என்றேன்.

"அப்ப மனிசி கெட்டிக்காரிதான்" என்று சொல்லிச் சிரிக்கத் தொடங்கியவர், நான் தொலைபேசியை வைக்கும் வரை நிறுத்தவில்லை.

மத்தியானம் வரை நான் அந்த அறைப் பக்கம் போகவில்லை. சாப்பாட்டுத் தட்டைச் சத்தம் கேட்கும்படி வைக்கத்தான் போனேன். நாடிக் கட்டு தானாக நழுவிக் கழுத்தில் கிடந்தது. செபமாலை அப்படியே கையில் சுற்றியிருந்தது. கால் விரல்களையும் அவிழ்க்கவில்லை.

"இஞ்சை வா. கையைப் பார்."

பார்த்தேன். விரல்கள் ஒன்றுக்குள் ஒன்று பூட்டி, மணிகள் தோலில் பதிந்து, நெஞ்சோடு அழுந்திக் கிடந்தன. கை நடுங்கவில்லை. காலையிலிருந்து அதையே பார்த்துக்கொண்டு படுத்திருந்திருக்கிறார். பரீட்சையில் முதலாம் பிள்ளையாக வந்த பெண்ணுடைய முகம் அவருக்கு. என் கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை. கட்டிலில் அவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டேன்.

இப்படிக் கட்ட யாரிடம் பழகினாய் என்று கேட்டார். எங்கள் தெருவில் யார் வீட்டில் செத்தவீடு என்றாலும் என் அம்மாவைத்தான் முதலில் கூப்பிடுவார்கள் என்று சொன்னேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். நிறுத்த முடியவில்லை.

அம்மா இறந்தபோது என் பெர்மெஸ்ஸோவை, இங்கே தங்குவதற்கான அனுமதிப் பத்திரத்தை, புதுப்பிக்கக் கொடுத்திருந்தேன். போனால் திரும்பி வர விடுவார்களா என்று ஒருவராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. நான் போகவில்லை. அப்போது வேலை செய்த வீட்டில் இஸ்திரிப் பெட்டியால் சட்டைகள் மினுக்கிக்கொண்டே அம்மாவின் செத்தவீட்டைத் தொலைபேசியில் பார்த்தேன். அம்மாவின் காலடிக்கு யாரோ குனிந்தபோது படம் நின்றுபோனது. யார் கட்டினார்கள் என்று இன்றைக்கும் தெரியாது. அந்த வீட்டுக் குழந்தை அடுத்த அறையில் அப்போதுதான் தூங்கத் தொடங்கியிருந்தது. அதனால் நான் அழவில்லை. பிறகு அழலாம் என்று இருந்தேன். பிறகு அதற்கு நேரம் வாய்க்கவில்லை. எனக்கு அது பெரிய துக்கம், இதுவரை இந்தத் தொடரிலும் எழுதவில்லை.

சிஞ்ஞோராவுக்கு ஆறுதல் சொல்லத் தெரியாது. கேள்விதான் கேட்டார்.

"காலமை அழ வெளிக்கிட்டது எனக்கோ, உன்ரை அம்மாவுக்கோ?"

"உங்களுக்குத்தான். நீங்கள்தான் இடையிலை எழும்பிப்போட்டியளே."

அவர் தட்டை எடுக்கச் சொன்னார். கோழிக்கறியில் உப்புக் கூட என்றார்.

சனிக்கிழமை

கிளேர் வந்தாள். முன்னறையில் கம்பளத்தில் சிஞ்ஞோராவைப் படுக்க வைத்து, அந்தக் காலையில் கட்டிய மாதிரியே எல்லாவற்றையும் கட்டினேன். கிளேர் நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து பார்த்தாள். அவளுடைய தேநீர் ஆறி, மேலே ஆடை படர்ந்தது. தெருவில் ஸ்கூட்டர் போனது, அயல் வீட்டில் பிள்ளைகள் கத்தின. கம்பளத்தில் கிடந்தவர் கிடந்தபடி கிடந்தார். 

கிளேருக்கு ஒரு சந்தேகம். படத்தில் வரும் கிழவி கோயில் பக்கமே போகாதவள். அவள் கையில் செபமாலை எப்படி வரும்?

சிஞ்ஞோரா கண்ணை மூடியபடியே பதில் சொன்னார்.

"செத்தவளிட்டை ஆர் கேக்கிறது? அவளைப் பாக்கிற மனிசி கட்டிவிடுவாள்."

கிளேர் சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்தி என் கைகளைப் பார்த்தாள். வேடம் சிஞ்ஞோராவுக்குத்தான் என்றாள். கூடவே, கட்டும் கைகளும் இதே கைகளாக இருக்க வேண்டும் என்றாள்.

எனக்குச் சினிமாவும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம் என்று நான் மறுத்தேன். முகம் வராது, குரலும் வராது, கை மட்டும்தான் என்று இருவரும் சேர்ந்து என்னை மடக்கினார்கள். ஞாயிறு பூசைக்குப் போனால் கோயில் வாசலில் பெண்கள் என் கையைப் பிடித்துப் பார்த்து, நடிகைக்கு வளையல் இல்லையா என்று பகிடி பண்ணினார்கள். இரவில் நான் கைக்கு எலுமிச்சம் சாறு பூசியதை சூசைதாசன்தான் வெளியே சொல்லியிருக்க வேண்டும்.

கை மட்டும்

பிந்திக் காய்க்கும் மந்தரின் சந்தைக்கு வந்திருந்த காலம். ஸ்ஃபெர்ராகவால்லோவில் படகுகள் கட்டும் இடத்துக்கு மேலே ஒரு சின்ன வீடு. உப்புக் காற்றோடு மீன் பொரிக்கிற வாசம் வந்து எல்லோருக்கும் பசியைக் கிளப்பியது. முந்திய நாட்களில் சிஞ்ஞோரா வாழ வேண்டியதையெல்லாம் வாழ்ந்து முடித்திருந்தார். மீன் பேரம் பேசியது, அயலாரைத் திட்டியது, எல்லாம். நடுங்கும் கையோடு அலையில் நின்று அவர் சிரித்ததைப் பார்க்க அந்தத் தெருவே வந்து நின்றது. கடைசி நாளுக்குச் சாவுதான் மிச்சம்.

படுப்பதற்கு முன் வாய் உலராமல் இருக்க மந்தரின் சுளைகளை உரித்துக் கொடுத்தேன். மூச்சை வயிற்றுக்குக் கீழே நூல் மாதிரி விட வேண்டும் என்று எனக்கு விளக்கினார். நான்தான் சாகப் போகிறவள் என்று நினைத்துவிட்டார் போலும்.

பிறகு படுத்தார். செத்தார். எத்தனை தரம் பார்த்தாலும் எனக்கு அது பழகவில்லை.

கிளேர் கை காட்டினாள். நான் குனிந்து கண்களை மூடினேன். நாடியைக் கட்டினேன். விரல்களைக் கோத்துச் செபமாலையைச் சுற்றினேன். காலடிக்கு வந்து பெருவிரல்களைச் சேர்த்தேன். முடிச்சைப் போட்டுவிட்டுக் கைகளை மெல்ல விலக்கிக்கொள் என்பதுதான் எனக்குச் சொல்லித் தந்திருந்தது.

விலக்க முடியவில்லை. வயதுபோன ஒரு மனுஷியின் பாதம். குதிக்காலில் வெடிப்பு. இதைத்தான் அன்றைக்கு என்னால் தொட முடியாமல் போனது. என் கைகள் அந்தப் பாதங்களைப் பிடித்தபடி நின்றுவிட்டன. தரையில் இருந்துவிட்டேன். வாயால் வந்த சொல் "அம்மா."

அதன் பிறகு என்ன சொல்லி அழுதேன் என்று எனக்கு நினைவில்லை. சத்தம் பெரிதாகத்தான் இருந்திருக்க வேண்டும். கீழே படகில் வேலை செய்தவர்கள் நிமிர்ந்து பார்த்ததாக சூசைதாசன் பிறகு சொன்னார்.

ஒரு கட்டத்தில் கிளேர் "கட்" என்றது கேட்டது. விளக்குகள் அணைந்தன. படக்கருவியை மூடிவிட்டார்கள். சிஞ்ஞோராவின் கட்டுகளை அவிழ்க்க யாரோ முன்னால் வந்தார்கள். கிளேர் அவர்களைத் தடுத்தாள். கட்டிலில் கிடந்தவர் எழும்பவில்லை.

நான் நிமிர்ந்து பார்த்தேன். முகத்தில் ஒரு அசைவும் இல்லை. செபமாலைக்குக் கீழே வலது கைச் சுண்டுவிரல் மட்டும் துடிக்கத் தொடங்கியிருந்தது. அவர் அதைப் பக்கத்து விரலால் அமத்தினார். அது திமிறியது. திரும்பவும் அமத்தினார். விரல் நுனிகள் வெளுத்துப்போயின. படம் முடிந்துவிட்டது, சம்பளத்துக்குரிய வேலை முடிந்துவிட்டது, பார்க்கிறவர்களும் மெல்ல வெளியே போய்க்கொண்டிருந்தார்கள். அவர் அசையாமல் கிடந்தார்.

நான் திரும்பக் குனிந்து அழுதேன். அந்த அறையில் எழுப்பிவிடக் கூடாத குழந்தை எதுவும் தூங்கவில்லை. அவசரமில்லாமல், வெட்கமில்லாமல், தொண்டை வலிக்கும் வரை அழுதேன்.

பிறகு மூக்கைத் துடைத்தேன். கால் விரல் முடிச்சை நானே அவிழ்த்தேன்.

"காணும், போதும் சிஞ்ஞோரா. எழும்புங்கோ."

தமிழில்தான் சொன்னேன். அவர் எழும்பினார்.